மேற்கிலிருந்து வடக்கே இருபத்து நாலு

ஜூன் 9, திங்கள்

பெருநாள் கழிந்து இரண்டு நாள். கறி பங்கு வைத்த கையில் வாடை இன்னும் போகவில்லை. புது நோட்டு தொடங்குகிறேன். பிஸ்மி சொல்லி முதலில் நல்லதை எழுதுவது என் வழக்கம்.

மூத்த மகள் கதீஜாவின் மகன் ஜாபர் ரியாத்தில் இன்ஜினியர். அவன் கையெழுத்து இல்லாமல் ஒரு லாரி வெளியே போகாதாம். அவன் தங்கை ஷமீமா பல் டாக்டர். என் பல்லில் மூன்றைப் பிடுங்கச் சொன்னாள், நான் பிடுங்கவில்லை, அது வேறு. மகன் காதரின் மூத்தவன் இலியாஸ் பத்தாம் வகுப்பில் பள்ளிக்கூடத்திலேயே முதல், நானூற்றுத் தொண்ணூற்று மூன்று. சின்னவன் அனஸ் பதினோரு வயதில் குர்ஆன் முழுவதையும் மனப்பாடம் செய்து மாலையோடு தெரு சுற்றி வந்தான். நான்கு பேர் படத்தையும் கண்ணாடி போட்டு ஹாலில் வரிசையாக மாட்டியிருக்கிறேன். ஆணி ஐந்து அடித்தது. ஐந்தாவதில் காலண்டர் தொங்குகிறது.

இளைய மகள் மர்யமின் மகள் ஹாஜராவும் இருக்கிறாள்.

ஜூன் 11, புதன்

ஓரகத்தி ஜுலைஹா வந்தாள். என் வீட்டுக்காரரின் காக்கா, அதாவது அண்ணன் மனைவி, என்னைவிட இரண்டு வயது மூத்தவள், அதனால் லாத்தா என்று கூப்பிட வேண்டியிருக்கிறது. தைக்கா விஷயம்தான்.

எங்கள் தெருப் பெண்கள் கூடித் தொழும் அந்தத் தைக்காவை என் வீட்டுக்காரர் கட்டினார். அவர் மாலத்தீவுத் தோணியில் சுக்கான் பிடித்தவர். ஊரில் அவரைச் சுக்கானி என்றுதான் சொல்வார்கள். முப்பத்தொரு வருடமாகச் சாவி என் இடுப்பில் இருக்கிறது.

“தரையெல்லாம் பாளம் பாளமா வெடிச்சிருக்கு. ஒடைச்சுப் போட்டுட்டு கிரானைட் போடுவோம் மீரா.”

“ஒடைக்க வேண்டாம் லாத்தா. மேலேயே ஒட்டிக்கிடலாம்.”

“மேலேயே ஒட்டுனா வாசப்படி முங்கிரும். குனிஞ்சு போகணும்.”

“தொழ வாரவுக குனியத்தான செய்யணும்.”

கூட வந்த பெண்கள் சிரித்தார்கள். ஜுலைஹா சிரிக்கவில்லை. போகும்போது என் ஹால் சுவரைப் பார்த்து, “காலண்டர் இன்னும் மே மாசத்துலயே நிக்கி” என்றாள். கிழிக்க மறந்திருந்தேன். வேண்டுமென்றே சொல்கிறாள்.

ஜூன் 14, சனி

சாவி கேட்டு ஆள் அனுப்பினாள். சாவி குளிக்கிறது என்று சொல்லச் சொன்னேன்.

ஜூன் 18, புதன்

ஹாஜரா லீவில் வந்திருக்கிறாள். திருநெல்வேலியில் உம்மா வீடு இருக்க, இங்கே எதற்கு? ஆபீஸ் வேலையாகத் தூத்துக்குடி வந்தாளாம், அப்படியே லீவு போட்டாளாம். தோளில் துணிப்பை, முதுகில் ஒரு பை, கையில் மஞ்சள் தொப்பி.

இவள் வேலை என்ன என்று கேட்பவர்களுக்குச் சொல்ல எனக்கு வாய் வருவதில்லை. நடுரோட்டில் முக்காலியை நட்டு, ஒற்றைக் கண்ணை மூடிக்கொண்டு அதன் மேல் இருக்கும் பெட்டிக்குள் பார்ப்பாள். எதிரே ஒருவன் கம்பைப் பிடித்துக்கொண்டு நிற்பான். ரோடு அளக்கிற இதற்கு மூன்று வருடப் படிப்பு. ரோட்டில் போகிற வருகிறவனெல்லாம் பார்க்கிற வேலை.

அஸர் தொழுகைக்குத் தைக்காவுக்குக் கூட்டிப்போனேன். மக்கா இருக்கும் திசையான கிப்லாவைக் காட்டத் தரையில் பதித்திருக்கும் கறுப்புக் கோட்டின் போக்கில் எல்லோரும் நிற்க, இவள் மட்டும் ஓரத்தில் கோணலாக நின்று தொழுதாள். வெளியே வந்ததும் கேட்டேன்.

“எதுக்குளா கோணிக்கிட்டு நின்ன? இடுப்புல வலியா?”

“கோடுதான் உம்மம்மா கோணல். நேர் மேற்க பாக்குது. நம்ம ஊர்ல இருந்து கிப்லாவோட அசிமத் இருநூத்துத் தொண்ணூத்து நாலு. மேற்குக்கு மேல இன்னும் இருபத்து நாலு டிகிரி வடக்க திரும்பணும்.”

“அசி… என்னது?”

“அசிமத். வடக்க பாத்து நின்னு, கடிகார முள்ளு சுத்துற பக்கமா எவ்வளவு திரும்பணும்னு சொல்ற கணக்கு. ஏத்தம் எறக்கம் அதுல சேராது. தரையோட திசை மட்டும்.”

“இந்த இங்கிலீசு கணக்கையெல்லாம் ரோட்டோட வச்சுக்கோ. அல்லாட வீட்டுக்குள்ள கொண்டாராத.”

பின்னால் ஜுலைஹாவின் மருமகள் செருப்பு மாட்டிக்கொண்டு நின்றாள். செருப்பு மாட்ட இவ்வளவு நேரமா ஆகும்?

ஜூன் 20, வெள்ளி

ஆனது. தெரு முழுக்கச் செய்தி. ஜுலைஹாவின் மருமகள் போனைத் தூக்கிக்கொண்டு தைக்காவுக்கு வந்து கிப்லா பார்த்தாள். போன் மீன் கடையைக் காட்டியது. ஹாஜரா அந்தப் போனின் மூடி போட்ட உறையைக் கழற்றி, “இதுல காந்தம் இருக்கு மாமி, அதான்” என்றாள். உறை இல்லாமல் பார்த்தபோது போன் இவள் சொன்ன பக்கமே திரும்பியது. உறையோடு மீன் கடை, உறையில்லாமல் என் பேத்தி. அந்தப் பெண்ணின் முகம் போன போக்கை எழுதலாம். எழுத மனசில்லை.

ஏனென்றால் அதற்குப் பிறகு ஜுலைஹா கிணற்றடியில் என்ன சொன்னாள் தெரியுமா?

“சுக்கானி போட்ட கோடே தப்பாம்ல? அப்போ மாலத்தீவுக்குன்னு கெளம்பி அவரு தோணி எத்தன தடவ கொச்சிக்குப் போச்சோ!”

வாளியைக் கீழே வைத்துவிட்டு வந்துவிட்டேன். அவர் கை சுக்கானில் இருந்தால் மற்றவர்கள் கவலையில்லாமல் தூங்குவார்கள் என்று தோணித் தலைவரான தண்டல் என்னிடமே சொல்லியிருக்கிறார். மவுத்தாகி முப்பத்தொரு வருடம் கழித்து அவர் பெயர் கிணற்றடியில் உருளுகிறது. எல்லாம் இந்தப் பெண்ணின் நாக்கால்.

ராத்திரிச் சோற்றுக்கு அவளைக் கூப்பிடவில்லை. அவளே போட்டுத் தின்றாள்.

ஜூன் 22, ஞாயிறு

முட்டையும் தேங்காய்ப்பாலும் ஊற்றி வட்டிலப்பம் செய்தேன். பக்கத்து வீட்டுக்கு. மிஞ்சியதை ஹாஜரா தின்றாள். முக்கால்வாசி மிஞ்சிவிட்டது.

ஜூன் 25, புதன்

காலையில் உளுந்து காயப்போட்டேன். அரிசி புடைத்தேன். மேல் அலமாரியைத் துடைக்கிறேன் என்று ஹாஜரா ஏறினாள். துடைக்க ஏறியவள் என் வீட்டுக்காரரின் தோல் நோட்டை எடுத்துக்கொண்டு இறங்கினாள்.

நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். ஆனால் அரபுத்தமிழ் வாசிப்பேன். அரபு எழுத்தில் எழுதிய தமிழ். எங்கள் காலத்துப் பெண்களுக்கு ஓதுகிற வீட்டில் சொல்லிக் கொடுத்தது. அவருக்கும் அதுதான் கை பழகிய எழுத்து. ஹாஜராவுக்கு எழுத்து தெரியும், ஆனால் அவர் கையெழுத்தில் புள்ளிகளே இருக்காது, பழகாதவளுக்கு வாசிக்க ஓடாது.

“வாசிங்க உம்மம்மா.”

பாதி நோட்டில் காற்று, நீரோட்டம், எந்தத் துறைக்கு எந்தத் திசை. நடுவே ஒரு பக்கத்தில் தைக்கா என்று தலைப்பிட்டு மூன்று வரி இருந்தது. இரண்டு வரி வாசித்தேன்.

“கிப்லாவின் சம்த்து. மேற்கிலிருந்து வடக்கே இருபத்து நாலு.”

இவள் நாற்காலியிலிருந்து குதித்தாள்.

“சம்த்தா? சம்த்துன்னா எழுதியிருக்காரு?”

“ஆமா. சம்த்துன்னா திசை. தோணியில எல்லாரும் சொல்ற சொல்லுதான். இதுக்கு எதுக்கு இந்தக் குதி?”

“உம்மம்மா, அதுதான் அசிமத்! அரபுல அஸ்-சம்த்து, அதோட பன்மை அஸ்-சுமூத்து. அதைத்தான் இங்கிலீசுக்காரன் வாய்ல போட்டு அசிமத்னு ஆக்கிட்டான். எங்க வாத்தியாரே சொல்லியிருக்காரு. இங்கிலீசு கணக்கு வேண்டாம்னீங்களே, அது உங்க வீட்டுச் சொல்லு!”

நோட்டை மூடப் போனேன். அதற்குள் ஜுலைஹா வாசலில். சத்தம் கேட்டு வந்தாளாம். விஷயம் கேட்டதும் இடுப்பில் கை வைத்தாள்.

“இவ இருநூத்துத் தொண்ணூத்து நாலுங்கா. அவரு இருபத்து நாலுன்னு எழுதியிருக்காரு. ரெண்டும் வேற வேறல்ல? வீட்டுக்குள்ளயே ஒத்துவரல, ஊருக்குச் சொல்ல வந்துட்டா.”

ஹாஜரா உளுந்துப் பாயிலேயே விரலால் வரைந்தாள். “ரெண்டும் ஒரே எடந்தான் பெரிய உம்மம்மா. எங்கிருந்து எண்ண ஆரம்பிக்கோம்ங்கிறதுதான் வேற. நான் வடக்குல ஆரம்பிச்சு கெழக்கு, தெக்கு எல்லாம் சுத்தி மேற்குக்கு வந்தா எரநூத்தி எழுவது. அவரு நேரா மேற்குல நின்னுக்கிட்டு எண்ணுதாரு. எரநூத்தி எழுவதோட இருபத்து நாலக் கூட்டுங்க. எண்ணுற மொறையச் சொல்லாம வெறும் நம்பர மட்டும் சொன்னா அதுவே ஆளைக் கடல்ல தள்ளிரும்.”

ஜுலைஹா விரல் விட்டுக் கூட்டினாள். சரியாகத்தான் வந்திருக்கும், படியிறங்கிப் போய்விட்டாள். எனக்கு ஒரு நிமிடம் மனசு குளிர்ந்தது. ஒரு நிமிடம்தான்.

ஹாஜரா நோட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். “அவருக்குச் சரியாத் தெரிஞ்சிருக்கு. பெறகு எப்படிக் கோடு நேர் மேற்க இருக்கு? யாரு மாத்துனது உம்மம்மா?”

பருப்பு தீய்கிறது என்று எழுந்து போனேன். இன்று மீன் குழம்பு. பருப்பு வைக்கவில்லை.

ஜூன் 27, வெள்ளி

உளுந்து காய்ந்துவிட்டது. டப்பாவில் கொட்டியாயிற்று.

ஜூன் 29, ஞாயிறு

என்னைக் கேட்காமல் பள்ளிவாசல் ஹஜ்ரத்திடம் போயிருக்கிறாள். நோட்டையும் கொண்டுபோயிருக்கிறாள். வாசலிலேயே நிறுத்தினேன்.

“யாரக் கேட்டு எடுத்த?”

“அவரு பேரக் கெடுக்காங்க. நீங்க வாயத் தொறக்க மாட்டேங்கிறீங்க. நானாவது பேசணும்ல?”

“ரோட்டுல முக்காலி நட்டுட்டு ஒத்தக் கண்ணால நிக்கிறவ அவுக பேரக் காப்பாத்த வேண்டாம். நீ வந்துதான் இந்த நாத்தம். போ, பஸ்சப் பிடி.”

அவள் அழுவாள் என்று நினைத்தேன். தொப்பியை எடுத்துப் பையின் மேல் வைத்தாள். ஒரு தாளில் ஏதோ எழுதி நோட்டுக்குள் வைத்துக் கொடுத்தாள். “ஜூலை பதினாறு மத்தியானம் ரெண்டு அம்பத்தேழுக்கு சூரியன் கஃபாவுக்கு நேர் தலைக்கு மேல நிக்கும். அந்நேரம் இங்க வெயில் எந்தப் பக்கத்துல இருந்து வருதோ, அதுதான் கிப்லா. போனும் வேண்டாம், முக்காலியும் வேண்டாம். தொங்குற நூலு ஒண்ணு போதும். ஹஜ்ரத் சரின்னுட்டாரு.”

பத்தரை பஸ்ஸில் போய்விட்டாள். வட்டிலப்பக் கிண்ணத்தைக் கழுவிக் கவிழ்த்துவிட்டுப் போயிருக்கிறாள். அந்த மட்டும் வளர்ப்பு இருக்கிறது.

ஜூலை 4, வெள்ளி

ஹஜ்ரத் தைக்கா வாசலில் நின்று பேசினார். பெண்கள் உள்ளே. முப்பது வருடத் தொழுகையும் வீணா என்று அழுத பெண்களுக்கு ஆறுதல் சொன்னார். தெரியாமல் தொழுதவர்கள் மேல் குற்றமில்லை, நல்ல எண்ணத்தோடு மேற்கே திரும்பியவர்கள் தொழுகை கூடும், மனதை அலட்டிக்கொள்ள வேண்டாம் என்றார்.

தெரியாமல் என்று இரண்டு முறை சொன்னார். எண்ணினேன்.

பதினாறாம் தேதி நிழல் பார்ப்பது, பதினேழாம் தேதி தரையை உடைப்பது என்று முடிவு. சாவி கொடுக்க மாட்டேன் என்றேன். பூட்டை உடைத்துக்கொள்வோம் என்றாள் ஜுலைஹா.

ஜூலை 9, புதன்

சேவியர் கொத்தனார் அளவெடுக்க வந்தார். பழைய தரையைப் போட்ட அந்தோணி கொத்தனாரின் மகன். டீ கொடுத்தேன்.

“மேலேயே கிரானைட்ட ஒட்டிரலாமா தம்பி?”

“நிக்காது பாட்டி. இதுல ரெண்டு தரை இருக்கு. கீழ ஒண்ணு, அது மேல ரெண்டு இஞ்சிக்கு இன்னொண்ணு. கம்பியால தட்டுனா சத்தத்துலயே தெரியுது. எங்கப்பா எதுக்கு ரெண்டு தடவ போட்டாருன்னு தெரியல.”

“கேட்டதில்லியா?”

“கேட்டிருக்கேன். அது மீராம்மாவக் கேளுன்னுட்டாரு.”

இன்னொரு டீ வேண்டுமா என்று கேட்டேன். வேண்டாம் என்றார்.

ஜூலை 13, ஞாயிறு

ஹாஜராவின் தாளைப் பிரித்துப் பார்த்தேன். குண்டு கட்டிய நூல். அதை உயரத்தில் தொங்கவிட வேண்டும். காற்றில் ஆடாமல் இருக்கக் குண்டை வாளித் தண்ணீரில் முக்க வேண்டும். குறித்த நேரத்தில் நூலின் நிழல் மேல் கோடு கிழிக்க வேண்டும். ஒவ்வொன்றுக்கும் படம் போட்டிருக்கிறாள். வாளிக்குக் கைப்பிடிகூட வரைந்திருக்கிறாள். அடியில், “உம்மம்மா, இத நீங்களே செய்யுங்க, வேற யாரையும் தொட விடாதீங்க” என்று எழுதியிருக்கிறாள்.

எனக்கு உத்தரவு போடுகிறாள்.

ஜூலை 16, புதன்

தைக்கா முற்றத்தில் நாற்பது பெண்கள் இருந்திருப்பார்கள். ஜுலைஹா குடையோடு வந்தாள். பந்தல் கம்பில் நூலைக் கட்டினேன், குண்டை வாளியில் இறக்கினேன். நானேதான் செய்தேன். வெளியில் நின்ற ஹஜ்ரத் மணி பார்த்துச் சொன்னார். சுண்ணாம்புக் கட்டியால் நிழலின் மேல் கிழித்தேன்.

அந்தக் கோட்டை உள்ளே இருக்கும் கறுப்புக் கோட்டோடு ஒப்பிட யாருக்கும் படிப்பு தேவைப்படவில்லை. இது ஒரு பக்கம் போனது, அது ஒரு பக்கம் போனது.

ஜுலைஹா குடையை மடக்கினாள்.

“அப்போ சுக்கானி தப்பாத்தான் போட்டிருக்காரு. கணக்க நோட்டுல சரியா எழுதிட்டு தரையில தப்பாப் போட்டாராக்கும். கடல்லயும் அப்படித்தான் ஓட்டியிருப்பாரு. அதான் மாலேயில போயிச் சேந்தாரு.”

அவர் மாலேயில் காய்ச்சலில் மவுத்தானார். சுக்கானைக் கரையில் ஒப்படைத்துவிட்டு, பாயில் படுத்து.

“கோடு அவுக போட்டது இல்ல” என்றேன்.

யாரோ பிள்ளையை அதட்டினார்கள்.

“அவுக போட்டது பித்தளைப் பட்டை. இந்த நிழல் போற போக்குலதான் போட்டாக. மறுநாள் தோணி ஏறிட்டாக. நீங்க வந்து பாத்தீங்க லாத்தா. பாயெல்லாம் கோணலாக் கெடக்கு, சுக்கானிக்குக் கப்பல் ஆட்டம் இன்னும் தெளியலன்னு சொல்லிச் சிரிச்சீங்க. தெரு பூராவும் சிரிக்கும்னு நெனச்சேன். அந்தோணியக் கூப்ட்டு மேல ஒரு தரை போடச் சொன்னேன். சொவருக்கு நேரா ஒரு கறுப்புக் கோடும் கிழிக்கச் சொன்னேன். அவுக வந்து ஏசுவாக, ஏசுனா மறுபடி ஒடைச்சுக்கிடலாம்னு இருந்தேன். அவுக வரல.”

ஜுலைஹா மடக்கிய குடையை என் பக்கம் நீட்டினாள்.

“அவரே மாத்தச் சொல்லிட்டுப் போனாருன்னுல்ல அன்னைக்கு எங்கிட்டச் சொன்ன?”

“சொன்னேன்.”

“நான் சிரிச்சா நீ எதுக்குளா மாத்துன? நான் எதப் பாத்துத்தான் சிரிக்கல? ஒன் கல்யாணத்துல மாப்பிள்ளையப் பாத்தே சிரிச்சேன். மாப்பிள்ளைய மாத்துனியா?”

பின்னால் நின்ற ஒருத்தி சிரிப்பை அடக்க முடியாமல் இருமினாள். நான் சாவியை இடுப்பிலிருந்து அவிழ்த்து வாளியின் பக்கத்தில் வைத்துவிட்டு வீட்டுக்கு வந்தேன்.

அவர் மேல் பழி இல்லை. அதற்காகத்தான் சொன்னேன். வேறு எதற்காகவும் இல்லை.

ஜூலை 17, வியாழன்

போகக் கூடாது என்றிருந்தேன். கம்பிச் சத்தம் கேட்டு ஒன்பது மணிக்குப் போனேன். யாரும் வா என்று சொல்லவில்லை. நேற்றுவரை என் பக்கத்தில் உட்கார்ந்த பெண்கள் இரண்டு பேர் தள்ளி உட்கார்ந்தார்கள்.

சேவியர் முதல் பாளத்தைப் பெயர்த்ததும் பட்டை தெரிந்தது. பச்சை பூத்திருந்தது. புளி போட்டுத் தேய்த்தேன். என் விரல் பட்ட இடமெல்லாம் மஞ்சளாக வந்தது. முற்றத்துச் சுண்ணாம்புக் கோட்டிலிருந்து நூல் பிடித்து உள்ளே கொண்டுவந்தார் சேவியர். நூலுக்கும் பட்டைக்கும் நடுவில் ஒரு நெல் மணி வைக்கலாம், அவ்வளவுதான்.

மதியம் லுஹர் தொழுகைக்கு உடைந்த தரையிலேயே பாய் விரித்தார்கள். பட்டையோடு முதலில் விரித்தவள் ஜுலைஹா. “கோணலாத்தான் இருக்கு” என்று முனகிக்கொண்டே விரித்தாள். பிறகு சாவியை என் மடியில் எறிந்தாள். “எங்கிட்டச் சாவி இருந்தா தொலைச்சிருவேன். ஒனக்குத்தான் எதையும் மூடி வைக்கத் தெரியும்.”

இதை நான் மறக்கப் போவதில்லை. சாவியை எடுத்துக்கொண்டேன்.

ஜூலை 19, சனி

இன்லாண்டு லெட்டரில் எழுதியதன் நகல்:

ஹாஜராவுக்கு உம்மம்மா எழுதுவது. நலம். நீ வரைந்த வாளிக்குக் கைப்பிடி தேவையில்லை, தைக்கா வாளியில் கைப்பிடி போய் ஒரு வருடமாகிறது. மற்றதெல்லாம் சரியாக இருந்தது. நிழல் நீ சொன்ன பக்கம்தான் விழுந்தது. உன் உம்மாவுக்கு ஊர்க்காரர்கள் போன் போட்டு எல்லாம் சொல்லியிருப்பார்கள். என் வாயால் சொல்ல வேண்டியது ஒன்றுதான் பாக்கி. நோட்டில் மூன்று வரி இருந்தது, நான் இரண்டைத்தான் வாசித்தேன். மூன்றாவது வரி: பித்தளைப் பட்டை பதித்தாயிற்று, இனி மீராளுக்குக் கவலையில்லை.

உன்னைப் பஸ்ஸேறச் சொன்னது சொன்னதுதான். கேட்காமல் நோட்டை எடுத்தது தப்பு. இனி கேட்டு எடு. நோட்டு உனக்குத்தான்.

ஹாலில் ஐந்தாவது ஆணியில் இருந்த காலண்டரைச் சமையல்கட்டுக்கு மாற்றிவிட்டேன். ஜுலைஹா வந்து பார்த்து, வெறும் ஆணி எதற்கு என்று கேட்டுவிட்டுப் போனாள். உன்னுடைய பழைய படம் ஒன்று இருக்கிறது, ஆறாம் வகுப்பில் ரெட்டைச் சடையோடு எடுத்தது. அது வேண்டாம். போனில் அனுப்புவதும் வேண்டாம், அதை ஆணியில் மாட்ட முடியாது. இப்போது இருக்கிறபடி, தலையில் அந்த மஞ்சள் தொப்பியோடு, ஒற்றைக் கண்ணை மூடிக்கொண்டு, பக்கத்தில் முக்காலி முழுசாகத் தெரிகிற மாதிரி புதுப் படம் ஒன்று எடுத்து, தாளில் போட்டு, மடங்காமல் அட்டை வைத்துத் தபாலில் அனுப்பு.